பாண்டீஸ்வரி அழுத வீடியோ

பாண்டீஸ்வரி அழ வந்துவிட்டாள் என்றால், பந்தலுக்கு வெளியே சீட்டாடிக்கொண்டிருக்கிற ஆம்பளைகள்கூடச் சீட்டைக் கவிழ்த்து வைத்துவிட்டுக் காதைக் கொடுப்பார்கள். அப்படி ஒரு தொண்டை. ராஜபாளையத்தில் ஒரு பேண்டேஜ் கம்பெனியில் துணி சுருட்டுகிற வேலை அவளுக்கு. நாள் முழுக்கத் தறிச் சத்தத்துக்கு மேலே கத்திக் கத்திப் பேசி அந்தக் குரல் உரமேறிப் போயிருந்தது. யார் வீட்டில் சாவு விழுந்து கேதமானாலும் தெருக்காரர்கள் முதலில் தேடுவது அவளைத்தான். அப்படிப்பட்டவள் பெத்த தாய்க்கு எப்படி அழுதிருப்பாள் என்று சொல்லவும் வேண்டுமா?

இங்கே ஒரு வழக்கம் உண்டு. தாய் செத்தால் மகள் வந்து விழுந்து அழும்போது, தாயை வைத்துப் பார்த்த மருமகளை நாலு வார்த்தை ஏசித்தான் ஆகவேண்டும். கஞ்சி ஊத்தவில்லை, தண்ணி கொடுக்கவில்லை, கிழிந்த பாயில் போட்டாள் என்று ராகத்தோடு இழுத்து ஏச வேண்டும். நிஜமா என்று யாரும் கேட்க மாட்டார்கள். ஏசாவிட்டால்தான் தப்பு. 'என்ன மக இவ, வாயத் தொறக்க மாட்டேங்கா, ஆத்தா மேல பாசமே இல்லையோ' என்பார்கள். ஏச்சு வாங்குகிற மருமகளும் அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு கூடவே அழுவாள். பிணத்தைத் தூக்கி வாசலைக் கழுவிவிட்டால் அந்தப் பேச்சும் அதோடு போயிற்று. மறுநாள் அதை எடுத்துப் பேசுகிறவளை ஊரில் யாரும் மதிக்க மாட்டார்கள்.

பாண்டீஸ்வரியின் ஆத்தா பெத்தம்மாள் செத்த அன்றைக்குக் கூடவே ஒரு கேமராவும் வந்திருந்தது. பாண்டீஸ்வரியின் தம்பி முத்துப்பாண்டி லோடு ஆட்டோ ஓட்டுகிறவன். பம்பாயிலும் துபாயிலும் இருக்கிற சொந்தக்காரர்கள் கடைசியாக ஒரு தடவை முகம் பார்க்கட்டும் என்று அவன்தான் மாரீஸ்வரனை வரச் சொல்லியிருந்தான். மாரீஸ்வரன் முன்பு கல்யாண வீட்டுப் போட்டோக்காரன். எல்லார் கையிலும் போன் வந்து அந்தத் தொழில் படுத்துவிட்ட பிறகு, கேத வீட்டு லைவுக்கு மாறிக்கொண்டான். சொந்தமாக ஒரு சேனலும் நடத்தினான்.

"யக்கா, செத்த இங்கிட்டுத் திரும்பி அழுங்க. வெளிச்சம் முதுகுல விழுது" என்றான்.

அவள் திரும்பினாள். பெத்தவளைக் குளிப்பாட்டிக் கிடத்தியிருக்கிற நேரத்தில், எவனோ சொன்னான் என்று முந்தானையை இழுத்துச் சரிசெய்துகொண்டு திரும்பினாள். துபாயில் சித்தப்பா மகன் பார்ப்பான் என்ற நினைப்புத்தான். குரலையும் ஒரு பிடி ஏற்றிக்கொண்டாள்.

"ஆக்குன சோறு அடுப்புல காய
ஆத்தா ஒன் வயிறு வெறும்வயிறாக் காய
பாத்துப் பரிமாற ஆளில்லாம – என்னப் பெத்தவளே
பட்டினியாப் போனியோ பாதையில..."

அழாதவர்களும் அழுதார்கள். தம்பி பெண்டாட்டி சிவரஞ்சனி அவள் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, உடம்பெல்லாம் குலுங்க அழுதாள்.

தூக்கிக்கொண்டு போனபின் வாசலைத் தெளித்துவிட்டு, சிவரஞ்சனிதான் சுக்குத் தண்ணி போட்டு ஆற்றிக்கொண்டு வந்தாள். கண் இரண்டும் வீங்கியிருந்தது.

"தொண்டை கட்டிரும் மதினி. சூடா இருக்கும்போதே குடிங்க."

"ஏட்டி, ரொம்ப ஏசிட்டனோ?"

"ஏசாம? நீங்க ஏசுனதுலதான் எனக்கும் அழுகை வந்துச்சு. இல்லன்னா நெஞ்சு அடைச்சிருக்கும்." கொஞ்சம் சிரிக்கக்கூடச் செய்தாள். "அடுப்புல சோறு காயுதுன்னியளே, அத்தைக்கு எங்க மதினி சோறு எறங்குச்சு? கஞ்சியே கரண்டியால தொட்டுத் தொட்டுல்ல ஊத்துனோம்."

"அடிப் போட்டி. பாட்டுல கஞ்சின்னா எடுக்காது."

ரெண்டு பேரும் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து அந்தத் தண்ணியைக் குடித்தார்கள்.

உண்மை என்னவென்றால், பெத்தம்மாள் படுக்கையில் கிடந்த காலமெல்லாம் கழுவித் துடைத்தது சிவரஞ்சனிதான். முதுகில் புண் வந்துவிட்டது. கம்பெனியில் ஓரம் பிசிறிப்போய்க் கழித்துப்போடுகிற காஸ் துணியைப் பாண்டீஸ்வரி கேட்டு வாங்கி, ஞாயிற்றுக்கிழமை கொண்டுவந்து கொடுப்பாள். அவள் செய்தது அவ்வளவுதான். அந்தத் துணியைக் கொதிக்கவைத்து, வெயிலில் காயப்போட்டு, புண்ணைக் கழுவி, மருந்து வைத்துக் கட்டி, கிழவியை ஒருக்களித்துப் படுக்கவைத்து முதுகுக்குத் தலையணை கொடுத்தது எல்லாம் இவள். கட்டுப் போட்டதைப் பார்க்க வந்த நர்ஸ் அவள் கையைப் பார்த்துவிட்டு, "ஸ்ரீவில்லிபுத்தூர்ல ஒரு முதியோர் இல்லத்துல ஆளு கேக்காங்க, வாரியாம்மா?" என்று கேட்டிருந்தாள். காரியம் முடிந்ததும் சிவரஞ்சனி அங்கே வேலைக்குச் சேர்ந்தாள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அவளுக்கென்று வந்த முதல் வேலை. காலையில் பஸ் ஏறும்போது புதுப் பெண்ணைப் போலத் தலைநிறையப் பூ வைத்துக்கொண்டு போனாள்.

அந்தச் சமயத்தில்தான் மாரீஸ்வரன், லைவிலிருந்து அழுகையை மட்டும் வெட்டியெடுத்துத் தன் சேனலில் போட்டான். பாண்டீஸ்வரி முகத்தைக் கிட்டத்தில் காட்டி, அடுத்தாற்போலச் சிவரஞ்சனி முகத்தை வட்டம் போட்டுக் காட்டி, பின்னால் சோக மியூசிக்கையும் சேர்த்திருந்தான். மேலே கொட்டை எழுத்தில்: மாமியாரைப் பட்டினி போட்டுக் கொன்ற மருமகள், கதறும் மகள்.

கம்பெனியில் சாப்பாட்டு நேரத்தில் பக்கத்து டேபிள் ரோசம்மாள்தான் போனைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள்.

"ஏ பாண்டி, நீ பேமஸ் ஆயிட்டட்டி! எங்க நாத்தனா திருப்பூர்ல இருந்து அனுப்பிருக்கா. லச்சக் கணக்குல பாத்திருக்காகளாம்!"

பெண்கள் தூக்குச்சட்டியை அப்படியே வைத்துவிட்டுக் கூடிவிட்டார்கள். புளிச்சோறும் துவையலும் ஆறிக் கிடந்தன. சூப்பர்வைசர்கூட எட்டிப் பார்த்து, "குரலு யாரு, நீங்களாம்மா? சினிமாலயே பாடலாம் போலிருக்கே" என்றார். பொய் சொல்வானேன், பாண்டீஸ்வரிக்கு உள்ளுக்குள் குளுகுளுவென்றிருந்தது. பிறந்ததிலிருந்து அவளை யாரும் போட்டோவுக்குக்கூட முன்வரிசையில் நிறுத்தியதில்லை. மேலே எழுதியிருந்ததைப் படித்தாள். மனசில் சுருக்கென்றது. 'இவன் ஒருத்தன், என்னத்தையாவது எழுதுவான்' என்று தள்ளிவிட்டாள். கேதத்தில் ஏசினதை நிஜமென்று எவன் எடுத்துக்கொள்வான்? சாயங்காலம் அதைத் தன் ஸ்டேட்டஸிலும் வைத்துக்கொண்டாள்.

பார்த்தவர்கள் பூராவும் இந்த ஊர்க்காரர்களா என்ன? கேதம் என்றால் என்ன, ஏச்சு என்றால் என்ன என்று தெரியாத ஊரிலெல்லாம் அது ஓடிக்கொண்டிருந்தது. அவர்களுக்கு அது சாட்சி. கீழே எழுதியவர்கள் சிவரஞ்சனியைத் தூக்கில் போடச் சொன்னார்கள். அவள் வீடு எந்தத் தெரு என்று ஒருத்தர் கேட்டால், சொல்வதற்கு நாலு பேர் இருந்தார்கள்.

அடுத்த வாரம், ஷிப்டு முடிந்து பாண்டீஸ்வரி வீட்டுக்கு வரும்போது தம்பி வாசலில் லோடு ஆட்டோவை நிறுத்திவிட்டு நின்றான். உள்ளே வரவில்லை.

"என்னலே, அங்கனயே நிக்க?"

"அவளுக்கு வேலை போயிருச்சுக்கா."

"ஏன்?"

"ஏன்னா கேக்க?" அவன் குரல் உடைந்தது. "அங்க இருக்க ஒரு ஆச்சியோட மகன் அமெரிக்காவுல இருந்து பேசியிருக்கான். மாமியாரக் கொன்னவள வச்சா எங்கம்மாவுக்குச் சோறு ஊட்டுறியன்னு. அங்க உள்ளவுக நல்லவுகதான். எங்களுக்குத் தெரியும்மா, ஆனா பேரு கெட்டுரும், வராதன்னுட்டாக."

பாண்டீஸ்வரி அப்படியே நடைப்படியில் உட்கார்ந்தாள்.

"வரும்போது பஸ்ஸுல ஒரு பொம்பள, 'நீதான அவ'ன்னு கேட்டு மூஞ்சில துப்பியிருக்கா. பஸ்ஸே பாத்துக்கிட்டு இருந்திருக்கு. எறங்கி வெயில்ல நடந்தே வந்தாக்கா. பள்ளிக்கூடத்துல பிள்ளைய, ஒங்க ஆச்சிக்கு ஒங்கம்மா சோறே போடலையாட்டின்னு கேக்காகளாம்."

"நான் வாரேன்லே. அவகிட்ட நான் பேசுதேன்."

"அவ இல்ல. பிள்ளையக் கூட்டிக்கிட்டு அவுகப்பா வீட்டுக்குப் போயிட்டா." ஆட்டோவை எடுத்தவன் திரும்பிப் பார்க்காமல் சொன்னான், "ஸ்டேட்டஸுலயாவது அத எடுக்கா."

அது ஒரு நாளிலேயே தானாகப் போயிருந்தது. இருந்தாலும் அவள் போனைத் திறந்து திறந்து பார்த்தாள். அவள் புருஷன் சங்கிலிப்பாண்டி மில் ஷிப்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவர், "இப்பத் தடவி என்னத்துக்கு? அன்னைக்கு நாலு பேருகிட்ட நீட்டி நீட்டிக் காட்டும்போது தெரியலையாக்கும்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

மறுநாள் லீவு போட்டுவிட்டு மாரீஸ்வரன் கடைக்குப் போனாள். அவன் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து வேறொரு கேத வீட்டை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தான்.

"வாங்கக்கா! நானே வரணும்னு இருந்தேன். சென்னையில இருந்து டிவிக்காரங்க ஒங்க நம்பர் கேட்டாங்க."

"அத மொதல்ல அழிலே."

"எதக்கா?"

"ஏலே, என் வாயில நல்லா வந்துரும். ஒரு பொம்பளையோட பொழப்புல மண்ணள்ளிப் போட்டுட்டு, எதுன்னா கேக்க? நீயும் இந்த ஊர்ல பொறந்தவன்தான? ஒங்காத்தா செத்தப்ப ஒங்கக்கா ஒன் பொண்டாட்டிய என்ன ஏச்சு ஏசுனா? அத எடுத்து இப்படிப் போட்டியால?"

மாரீஸ்வரன் தலையைக் குனிந்துகொண்டான். கெட்டவன் என்று சொல்லிவிட முடியாது. அவள் கண்முன்னாலேயே அதை அழித்தான். பிறகு இன்னொன்றைத் திறந்து காட்டினான். அதே வீடியோ, வேறு பேரில், வேறு ஆட்கள் போட்டது. கீழே தள்ளத் தள்ள வந்துகொண்டே இருந்தது. ஒன்றில் அவள் அழுகைக்கு ஒரு பயல் சேலை கட்டிக்கொண்டு வாயசைத்தான். இன்னொன்றில் கோட்டுப் போட்ட ஒருத்தர் உட்கார்ந்து, இன்றைய மருமகள்களைப் பற்றிப் பேசினார்.

"இதையெல்லாம் நான் எப்படிக்கா அழிக்க? என் கைய விட்டுப் போயிருச்சு."

"அப்ப நான் நெசத்தச் சொல்லுதேன். எடு. அதையும் போடு."

அவன் எடுத்தான். பாண்டீஸ்வரி ஸ்டூலில் விறைப்பாக உட்கார்ந்து பேசினாள். பாட்டாக வந்தால் தங்குதடையில்லாமல் வரும் அவளுக்குச் சும்மா பேச வரவில்லை. "எல்லாருக்கும் வணக்கம். என் தம்பி பொண்டாட்டி தங்கமான பிள்ளை. எங்கம்மாவ அவதான் பாத்தா. நான் பாக்கல. கேதத்துல அழுதது வழக்கத்துக்கு அழுதது. அவள யாரும் ஒண்ணும் சொல்லாதிய" என்று கையைக் கூப்பினாள். நடுவில் திக்கியது. திரும்ப எடுத்தார்கள்.

அதை ஒரு ஈ காக்கை சீண்டவில்லை. பார்த்த சில பேரும், 'பாவம், மிரட்டிப் பேச வைத்திருக்கிறார்கள்', 'கண்ணைப் பாருங்கள், பயம் தெரிகிறது' என்று எழுதினார்கள். நெசத்தைச் சொன்னால் அதுவும் சிவரஞ்சனிக்கு எதிராகவே திரும்புகிறதே, இதென்ன கொடுமையடா சாமி என்று பாண்டீஸ்வரி தலையில் கைவைத்துக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை, செண்பகத்தோப்புப் பக்கம் சிவரஞ்சனியின் அப்பா வீட்டுக்குப் போனாள். சிவனாண்டி மலையடிவாரத்தில் ஒரு மாந்தோப்புக்குக் காவல். தோப்புக்குள்ளேயே ஓடு போட்ட சின்ன வீடு. சாரல் காலம். மலையே தெரியாமல் மேகம் இறங்கியிருந்தது. சிவனாண்டி நெஞ்சுச் சளியோடு கட்டிலில் இருமிக்கொண்டு கிடந்தார். சிவரஞ்சனி அவருக்குக் கொள்ளு ரசம் வைத்துக்கொண்டிருந்தாள். மெலிந்திருந்தாள். எழுந்து வந்து, "வாங்க மதினி" என்றாள். உட்காரச் சொல்லித் தட்டில் சோறு போட்டு, மாங்காய் போட்ட கருவாட்டுக் குழம்பை ஊற்றினாள்.

பாண்டீஸ்வரி சோற்றில் கைவைத்தபடி அழுதாள். இந்த அழுகையில் ராகம் இல்லை.

"என்ன ரெண்டு அடி அடிச்சிரு ரஞ்சனி. இப்படிச் சோத்தப் போட்டுக் கொல்லாத."

"நீங்க அழுததுக்கு எனக்குக் கோவமே இல்ல மதினி. ஊரு வழக்கம். எங்கம்மா சாகும்போது நானும்தான் எங்க அண்ணிய ஏசுனேன்."

"பொறவு ஏன் இங்கன வந்து கெடக்க? தம்பி சோறு தண்ணி இல்லாம அலையுதான். வீட்டுக்கு வாட்டி."

சிவரஞ்சனி திரும்பி ரசத்தைக் கலக்கினாள்.

"ஸ்டேட்டஸ்ல வச்சிருந்தியள்ல மதினி, மறுநாக் காலையில நான் வேலைக்குப் போற வழியில பஸ்ஸுல பாத்தேன். என் மூஞ்சியச் சுத்தி வட்டம் போட்டிருந்துச்சு. ஒங்களுக்கு அது தெரியாமலா இருந்திருக்கும்? அதுக்குக் கீழ ரெண்டு கும்பிடு வேற போட்டிருந்திய." ரசத்தை இறக்கி வைத்தாள். "அதத்தான் என்னால மறக்க முடியல. சாப்பிடுங்க, ஆறுது."

பாண்டீஸ்வரி சாப்பிட்டாள். சாப்பிடாமல் எழுந்தால் அது இன்னொரு அவமரியாதை. திரும்பும்போது ஒரேயொரு முடிவுதான் மனசில் இருந்தது. எந்த வாயால் இவள் பேரைக் கெடுத்தோமோ, அந்த வாயாலேயே அதை மீட்டுக் கொடுத்துவிட வேண்டும். ஊரறிய. அதுவரைக்கும் இவள் வரமாட்டாள்.

ஆடி பிறந்து கொஞ்ச நாளில் சிவனாண்டி செத்துப்போனார்.

சம்பந்தி வீட்டுக் கேதம். பாண்டீஸ்வரி கோடித் துணியும் மாலையுமாகப் போய் இறங்கினாள். தோப்புக்குள் பந்தல் போட்டிருந்தது. மழை தூறி, மண் சொதசொதவென்று கிடந்தது. முத்துப்பாண்டி ஆம்பளைகளோடு நின்றான். கூட்டத்தில் யாரோ, "இந்தா, அந்த வீடியோக்கார அக்கா" என்றார்கள். வழி தானாக விலகியது. வயசுப் பிள்ளைகள் போனைக் கையில் எடுத்துக்கொண்டன.

சிவரஞ்சனி அப்பன் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். பெத்த மகள். அவள்தான் முதலில் அழுகையை எடுத்துக்கொடுக்க வேண்டும். வாயைத் திறக்கவில்லை. கண்ணில் பொட்டுத் தண்ணி இல்லை. சுற்றி நிற்கிற போன்களை ஒரு தடவை பார்ப்பாள், பிறகு அப்பன் முகத்தைப் பார்ப்பாள்.

"அழுட்டி, அழுதுரு" என்று பெண்கள் முதுகைத் தட்டினார்கள். அவள் கல்லாக உட்கார்ந்திருந்தாள். "அப்பன் செத்ததுக்கே அழாதவ, மாமியாளுக்கா சோறு போட்டிருப்பா" என்று பின்னால் ஒருத்தி சொன்னது பாண்டீஸ்வரி காதிலேயே விழுந்தது.

அதற்குமேல் அவளால் பொறுக்க முடியவில்லை. போய் விழுந்து சிவரஞ்சனியின் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். இதைவிட்டால் வேறு நேரம் இல்லை என்று நினைத்தாள். ஊரும் இருக்கிறது, போனும் இருக்கிறது. இந்தத் தடவை நிஜத்தையே பாட்டாகப் பாடிவிடலாம்.

"புண்ணக் கழுவுன கை – எங்கம்மாவப்
பூவாத் தொட்டெடுத்த கை
பொய்யாப் பழிசொன்ன பாவி நானே..."

கூட்டம் சட்டென்று அடங்கியது. போன்கள் ஒன்றாக மேலே எழும்பின. ஒருத்தி பிணத்தின் காலைத் தாண்டி முன்னால் வந்து குனிந்து பிடித்தாள்.

"வேண்டாம் மதினி" என்றாள் சிவரஞ்சனி, காதுக்குள்.

பாண்டீஸ்வரி நிறுத்தவில்லை. ஊருக்கெல்லாம் கேட்கட்டும் என்று குரலை இன்னும் ஏற்றினாள். அப்போதுதான் சிவரஞ்சனி கையைத் தூக்கி அவள் வாயைப் பொத்தினாள். மெதுவாக இல்லை. பல் உதட்டில் குத்துகிற அளவுக்கு அழுத்திப் பொத்தினாள். அப்பனைக் குளிப்பாட்டிய சீயக்காய் வாடை அந்தக் கையில் இருந்தது.

"எங்கப்பா செத்துக் கெடக்காவ மதினி" என்று மட்டும் சொன்னாள். "அவியளையாவது விட்டுருங்க."

அதோடு பாண்டீஸ்வரி அடங்கிவிட்டாள். சிவனாண்டியை ஒரு பாட்டும் இல்லாமல்தான் தூக்கினார்கள். அந்தத் தோப்பில் அப்படி ஒரு பிணம் போனதே இல்லை என்று கிழவர்கள் பேசிக்கொண்டார்கள்.

சாயங்காலம் ஸ்ரீவில்லிபுத்தூரில் ராஜபாளையம் பஸ் ஏறினாள். உதடு வீங்கியிருந்தது. முன்சீட்டில் காலேஜ் பிள்ளைகள் ரெண்டு பேர், ஒரே போனில் தலையை முட்டிக்கொண்டு பார்த்தார்கள். சோக மியூசிக் கேட்டது. பாண்டீஸ்வரி எட்டிப் பார்த்தாள். தோப்பு, பந்தல், அவள் வாய், வாயை அழுத்துகிற கை. அவள் பாடினது ஒரு சொல்லும் அதில் இல்லை. மேலே எழுதியிருந்தது: உண்மையைச் சொல்ல வந்த நாத்தனாரின் வாயைப் பொத்திய கொலைகார மருமகள்.

"பிசாசுடி இவ. அப்பன் பொணத்துக்கு முன்னாலயே எப்படி அமுக்குறா பாரு" என்றது ஒரு பிள்ளை.

"அது அப்படி இல்லம்மா" என்றாள் பாண்டீஸ்வரி.

ரெண்டும் திரும்பிப் பார்த்தன. முதலில் முகத்தை, பிறகு வீங்கின உதட்டை. ஒரு பிள்ளைக்குக் கண் கலங்கிவிட்டது.

"யக்கா, நீங்களா? பயப்படாதியக்கா. எதையும் மறைக்காதிய. நாங்கல்லாம் ஒங்க பக்கந்தான்" என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டது. மற்றது அதற்குள் போனை அவள் முகத்துக்கு நேராகத் தூக்கிப் பிடித்திருந்தது.